வீட்டு வன்முறை வழக்கு: பெண்கள் வக்கீலிடம் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தமிழ்நாட்டில் மகளிர் வழக்குகளை எடுத்து நடத்தும் வக்கீல்களிடம் திரும்பத் திரும்ப வரும் சந்தேகங்கள் இங்கே தொகுக்கப்பட்டுள்ளன. கேள்விகள் கேட்டவர்களின் பேச்சிலேயே இருக்கின்றன. 2024 ஜூலை 1 முதல் புதிய குற்றவியல் சட்டங்கள் நடைமுறைக்கு வந்ததால் பழைய பிரிவு எண்கள் மாறிவிட்டன. தேவையான இடங்களில் பழைய எண்ணும் தரப்பட்டுள்ளது.

1. வக்கீல் வைக்கணும்னா காசு வேணுமே. எங்கிட்ட பஸ்ஸுக்குக்கூட காசு இல்ல. என்ன செய்யறது?

சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், 1987-இன் 12ஆம் பிரிவின்படி, பெண் என்ற ஒரே காரணத்துக்காகவே உங்களுக்கு இலவச வக்கீல் உண்டு. வருமான வரம்பு கிடையாது. வேலைக்குப் போகிறீர்களா, அப்பா வீட்டில் வசதி இருக்கிறதா என்பதெல்லாம் கணக்கில் வராது. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவும், தாலுகா நீதிமன்றங்களில் வட்ட சட்டப் பணிகள் குழுவும் இருக்கின்றன. ஒரு பக்க மனுவும் ஆதார் நகலும் கொடுத்தால் போதும். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

நீதிமன்றக் கட்டணம், நோட்டீஸ் செலவு, டைப்பிங், நகல் செலவு எல்லாம் இந்த உதவியில் அடங்கும். நியமிக்கப்பட்ட வக்கீல் உங்களிடம் பணம் கேட்டால், அதே அலுவலகத்தின் செயலாளரிடம் எழுத்தில் சொல்லுங்கள். அவர் ஒரு நீதிபதி. வக்கீலை மாற்றித் தர அவரால் முடியும். தனியார் வக்கீல் வைத்துக்கொள்பவர்கள் மொத்த ஃபீஸ் எவ்வளவு, எந்த வேலை வரைக்கும் என்று முதல் நாளே எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். "வர்ற ஜீவனாம்சத்துல இத்தனை சதவீதம்" என்று பேசுவது பார் கவுன்சில் விதிகளின்படி தடைசெய்யப்பட்டது.

2. மொத நாள் வர்றப்ப என்னென்ன எடுத்துட்டு வரணும்?

கல்யாணம் நடந்ததைக் காட்டும் ஏதாவது ஒன்று வேண்டும்: பதிவுச் சான்று, பத்திரிகை, போட்டோ, கணவர் பெயர் உள்ள ரேஷன் கார்டு, குழந்தையின் பிறப்புச் சான்றிதழ். அடிபட்டு ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் ஏ.ஆர். காப்பி (ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டின் நகல்), சீட்டுகள். போலீஸுக்கு மனு கொடுத்திருந்தால் சி.எஸ்.ஆர். ரசீது (மனுவைப் பெற்றதற்கு ஸ்டேஷனில் தரும் ரசீது). எல்லாம் கணவர் வீட்டு பீரோவில் இருக்கிறது என்றாலும் வாருங்கள். சான்றிதழ்களின் நகல்களை அந்தந்த அலுவலகங்களிலேயே மறுபடி வாங்கலாம்.

இவற்றைவிட அதிகம் உதவுவது நீங்களே எழுதும் ஒரு தேதிப் பட்டியல். கல்யாணம், குழந்தைகள் பிறப்பு, முதல் முறை அடித்தது, அம்மா வீட்டுக்கு வந்தது, திரும்பிப் போனது, கடைசியாக நடந்தது என்று வரிசையாக எழுதுங்கள். தேதி நினைவில்லை என்றால் "பையனுக்குக் காதுகுத்தின வாரம்", "அந்தத் தீபாவளிக்கு முந்தின நாள்" என்று எழுதினாலும் போதும். வக்கீல் அதிலிருந்து தேதியைக் கண்டுபிடித்துவிடுவார். "எப்பவும் அடிப்பார்" என்று மட்டும் எழுதிய மனு குறுக்கு விசாரணையில் நிற்காது.

ஆஸ்பத்திரி விஷயத்தில் ஒன்று சொல்லியே ஆக வேண்டும். யார் அடித்தது என்று டாக்டர் கேட்கும்போது "மாடிப்படியில விழுந்துட்டேன்" என்று சொன்னால் அதுதான் ஏ.ஆர். காப்பியில் ஏறும். பிறகு வழக்கில் அந்த ஒரு வரியைத்தான் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் படிப்பார். பயத்தில் அப்படிச் சொல்லிவிட்டவர்கள், யார் கூட இருந்ததால் அப்படிச் சொன்னீர்கள் என்பதை மனுவிலேயே விளக்க வேண்டும்.

3. நான் சொல்றது எங்க அண்ணனுக்கோ அவங்க வீட்டுக்கோ தெரிஞ்சிடாதே?

தெரியாது. நீங்கள் சொன்னதை உங்கள் சம்மதமின்றி வெளியிட வக்கீலுக்கு உரிமை இல்லை. புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 132ஆம் பிரிவு இதைச் சொல்கிறது. வழக்கு முடிந்த பிறகும் இது தொடரும். இனிமேல் செய்யப்போகும் குற்றத்துக்கு உதவி கேட்பது மட்டும் இதில் அடங்காது. கூட வந்தவர்களை வெளியே உட்காரச் சொல்லிவிட்டு வக்கீல் தனியாகப் பேசுவது இதற்காகத்தான். அண்ணன் ஃபீஸ் கொடுத்தாலும் கட்சிக்காரர் நீங்கள்தான்.

உங்களுக்குப் பாதகமானதையும் அப்போதே சொல்லிவிடுங்கள்: முன்பு எழுதிக் கொடுத்த கடிதம், வாங்கிய கடன், பழைய வழக்கு எதுவானாலும் சரி. முதலிலேயே தெரிந்தால் பதில் தயாராக இருக்கும். எந்த எண்ணில், எந்த நேரத்தில் கூப்பிடலாம் என்பதையும் சொல்லுங்கள். கணவர் எடுத்துப் பார்க்கும் போனுக்கு வக்கீலிடமிருந்து மெசேஜ் வந்தால் அன்றைக்கே ஆபத்து.

4. அடிச்சாத்தான் கேஸா? இவர் அடிக்கல, ஆனா வாழவே விடல.

குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம் 2005-இல் வந்து, 2006 அக்டோபர் 26 முதல் அமலில் இருக்கிறது. அதன் 3ஆம் பிரிவு உடல், பாலியல், சொல்–மனம், பொருளாதாரம் என்று நால்வகை வன்முறையைச் சொல்கிறது. குழந்தை இல்லை, ஆண் குழந்தை இல்லை என்று குத்திப் பேசுவது அந்தப் பிரிவிலேயே வருகிறது. வீட்டுச் செலவுக்குப் பணம் தராதது, உங்கள் ஏ.டி.எம். கார்டைப் பிடுங்கி வைப்பது, வேலைக்குப் போவதைத் தடுப்பது, நகையை அடகு வைத்துத் தீர்ப்பது எல்லாம் பொருளாதார வன்முறை.

மனைவிக்கு மட்டுமான சட்டமும் அல்ல இது. மகன் துரத்தும் தாய், அண்ணன் அடிக்கும் தங்கை, கணவர் இறந்தபின் மாமியார் வீட்டில் ஒதுக்கப்படும் பெண் எல்லாரும் இதில் மனு போடலாம்.

5. போலீஸ் ஸ்டேஷனுக்குப் போறதா, நேரா கோர்ட்டுக்குப் போறதா?

இரண்டும் இரண்டு வழி. ஸ்டேஷன் வழி குற்ற வழக்கு: மனைவியைக் கொடுமைப்படுத்துவதற்கான பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆம் பிரிவு. குற்றம் நிரூபணமானால் 3 ஆண்டு வரை சிறை. அந்த வழக்கு ஜெயித்தாலும் உங்கள் கையில் வீட்டுச் சாவியோ மாதப் பணமோ வராது. நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்ற வழி, 4ஆம் கேள்வியில் சொன்ன 2005 சட்டம்: அடிக்கக் கூடாது என்ற பாதுகாப்பு உத்தரவு, வசிக்கும் உரிமை, மாதப் பணம், குழந்தை உங்களிடம் இருப்பதற்கான இடைக்கால உத்தரவு, நஷ்டஈடு எல்லாவற்றையும் ஒரே மனுவில் கேட்கலாம்.

உயிருக்கு ஆபத்து, பெரிய காயம், பாலியல் கொடுமை என்றால் யோசிக்காமல் 112 அல்லது 181-ஐக் கூப்பிடுங்கள். மற்ற பெரும்பாலான நிலைமைகளில், தலைக்கு மேல் கூரை, கைக்கு மாதப் பணம், அண்டாமல் இருக்க உத்தரவு ஆகிய மூன்றையும் முதலில் வாங்கிவிட்டு, தண்டனை வழக்கைப் பிறகு முடிவுசெய்வதே நல்லது. கோபத்தில் ஸ்டேஷன் வழக்கை மட்டும் போட்டுவிட்டு, அடுத்த மாத வாடகைக்கு வழியில்லாமல் அவர்கள் சொன்ன சமாதானத்துக்கு இறங்கிப்போகும் பெண்கள் நிறைய.

புகார் கொடுத்த உடனே கைது நடக்கும் என்றும் எதிர்பார்க்க வேண்டாம். 2014-இல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம், 498ஏ வழக்குகளில் காரணம் எழுதாமல் கைது செய்யக் கூடாது என்றது. முதலில் நோட்டீஸ் கொடுத்து விசாரிப்பதே இப்போதைய வழக்கம்.

6. மகளிர் ஸ்டேஷன்ல ரெண்டு பேரையும் கூப்பிட்டுப் பேசி, எழுதி வாங்கிட்டாங்க. அதோட முடிஞ்சு போச்சா?

முடியவில்லை. அந்தக் கடிதம் உங்கள் உரிமையை ரத்து செய்யாது. மறுபடி வன்முறை நடந்தால் முன்பும் நடந்தது என்பதற்கு அதுவே சான்றாகும். ஆனால் அதில் என்ன எழுதியிருக்கிறது என்பது முக்கியம். "எனக்கு எந்தக் கோரிக்கையும் இல்லை", "நகைகள் அனைத்தும் பெற்றுக்கொண்டேன்", "என் விருப்பப்படி பிரிந்து செல்கிறேன்" ஆகிய மூன்று வரிகளும்தான் பின்னால் உங்களுக்கு எதிராக நீட்டப்படும். உண்மை இல்லையென்றால் கையெழுத்துப் போடாதீர்கள். வெள்ளைத் தாளில் ஒருபோதும் வேண்டாம். கையெழுத்திட்டதைப் போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

மனு கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது கேட்டு வாங்குங்கள். எஃப்.ஐ.ஆர். போட மறுத்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள் (மாநகரம் என்றால் காவல் ஆணையருக்கு). அதற்கும் பலனில்லை என்றால் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 175(3) பிரிவில் நடுவரிடம் மனு போடலாம். அந்தத் தபால் ரசீது இல்லாமல் போனால் மனு அங்கேயே நின்றுவிடும்.

7. அந்த 2005 சட்டத்துல மனு எப்படிப் போடறது? அவர் ஊர்லதான் போடணுமா?

வேண்டியதில்லை. நீங்கள் தற்காலிகமாகத் தங்கியிருக்கும் ஊரின் நீதித்துறை நடுவர் நீதிமன்றத்திலேயே போடலாம். கல்யாணம் மதுரையில் நடந்து, குடித்தனம் ஓசூரில் இருந்து, இப்போது தஞ்சாவூரில் அம்மா வீட்டில் இருந்தால் தஞ்சாவூரே போதும்.

மாவட்டம்தோறும் சமூக நலத்துறையின் கீழ் பாதுகாப்பு அலுவலர் இருக்கிறார். நீங்கள் சொல்வதைக் கேட்டு அவர் குடும்ப நிகழ்வு அறிக்கை தயாரித்து நடுவருக்கு அனுப்புவார். இது இலவசம். வக்கீல் மூலம் 12ஆம் பிரிவில் நேரடியாகவும் மனு போடலாம். அந்த அறிக்கை இல்லாமலேயே நடுவர் உத்தரவிடலாம் என்று பிரபா தியாகி வழக்கில் 2022-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. அறிக்கை வரட்டும் என்று மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டாம்.

முதல் விசாரணையைச் சாதாரணமாக 3 நாளுக்குள் வைக்க வேண்டும், 60 நாளுக்குள் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடைமுறையில் அதைவிட மிக நீளும். அதனால்தான் 23ஆம் பிரிவின்படி இடைக்கால உத்தரவு கேட்கும் மனுவையும், அதற்கான பிரமாணப் பத்திரத்தையும் முதல் நாளே சேர்த்துத் தாக்கல் செய்ய வேண்டும். ஆபத்து இருக்கிறது என்று காட்டினால் எதிர்த்தரப்பு வருவதற்கு முன்பே உத்தரவு கிடைக்கலாம். உங்கள் வக்கீலிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வி இதுதான்: "இடைக்கால மனு போட்டீங்களா?"

வழக்கு இழுப்பதற்குப் பெரிய காரணம் தவறான முகவரி. நோட்டீஸ் திரும்பி வந்தால் ஒவ்வொரு வாய்தாவும் வீண். வீட்டு முகவரியோடு வேலை செய்யும் இடம், போன் எண் எல்லாம் கொடுங்கள்.

8. வீடு மாமியார் பேர்ல இருக்கு. "உனக்கு இங்க என்ன உரிமை, வெளிய போ"ங்கறாங்க.

உங்களுக்கு அங்கே வசிக்கும் உரிமை இருக்கிறது. 2020 அக்டோபரில் சதீஷ் சந்தர் அஹுஜா வழக்கில் உச்ச நீதிமன்றம், வீடு மாமனார் மாமியார் பெயரில் இருந்தாலும், குடும்பமாக நிலையாக வாழ்ந்த வீடு என்றால் மருமகள் வசிப்பு உரிமை கேட்கலாம் என்றது. மூத்த குடிமக்கள் சட்டத்தை வைத்து மருமகளின் இந்த உரிமையை அப்படியே துடைத்துவிட முடியாது என்று அதே ஆண்டு டிசம்பரில் எஸ். வனிதா வழக்கில் சொன்னது. இது வசிக்கும் உரிமை மட்டுமே. பங்கோ பட்டாவோ கேட்க இது போதாது.

வீட்டைவிட்டு வெளியேறச் சொல்லி கணவருக்கு உத்தரவிடலாம், மாமியார் போன்ற பெண்களுக்கு அப்படி உத்தரவிட முடியாது. ஆகவே மாமியார் வயதானவர், ஒரே வீட்டில் இருப்பது இருவருக்கும் நரகம் என்றால், அதே தரத்தில் வேறு வீடு அல்லது வாடகைப் பணம் என்று 2005 சட்டத்தின் 19ஆம் பிரிவில் கேட்பதே நடைமுறையில் சீக்கிரம் கிடைக்கும். வீட்டைவிட்டு வந்துவிட்டதால் உரிமை போய்விடாது. என்றாலும் வந்த தேதியும் காரணமும் மனுவில் தெளிவாக இருக்க வேண்டும்.

9. எனக்குப் போட்ட நகையெல்லாம் அவங்க லாக்கர்ல இருக்கு. திரும்ப வருமா?

உங்களுக்குக் கொடுத்த நகை, பாத்திரம், பணம் உங்கள் சீதனம். கணவர் அதைப் பாதுகாத்து வைப்பவர் மட்டுமே, கேட்டும் தராவிட்டால் நம்பிக்கை மோசடி என்று 1985-இலேயே பிரதிபா ராணி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2005 சட்டத்தின் 19(8) பிரிவில் திருப்பிக் கேட்கலாம்.

கேட்கும்போது ஒவ்வொரு பொருளாக எழுதுங்கள்: நெக்லஸ் இத்தனை பவுன், அம்மா போட்டது, வளையல் நான்கு, மாமா சீர். நகைக்கடை பில், கல்யாண ஆல்பம், அடகு ரசீது இவை துணைக்கு. 40 பவுன் போட்டுவிட்டு 100 என்று எழுதினால், பொய்யான 60 பவுன் உண்மையான 40-ஐயும் சேர்த்து அழித்துவிடும். வரதட்சணை கொடுத்ததும் குற்றம்தானே என்று அப்பா பயப்படுவார். வரதட்சணைத் தடைச் சட்டத்தின் 7(3) பிரிவு, பாதிக்கப்பட்டவர் சொன்ன வாக்குமூலத்துக்காக அவர்மீது வழக்குத் தொடுப்பதைத் தடுக்கிறது.

10. "எனக்கு வருமானமே இல்ல"ன்னு கோர்ட்ல சொல்லிட்டாரு. ஜீவனாம்சம் எப்படி வரும்?

2020 நவம்பரில் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கின் தீர்ப்புக்குப் பிறகு, இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். ஜீவனாம்சத்தை மனு போட்ட நாளிலிருந்தே கணக்கிட வேண்டும் என்பதும் அந்தத் தீர்ப்புதான். அதனால் மனுவைத் தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் உங்களுக்கு நஷ்டம்.

அவர் மறைப்பதை நீங்கள்தான் காட்ட வேண்டியிருக்கும். பதிவுத் துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று பார்த்தால் சொத்து வாங்கியதும் விற்றதும் தெரியும். வண்டி எண், கடை போட்டோ, பழைய சம்பளச் சீட்டு, வங்கிக் கிளை பெயர் இவற்றைக் கொடுத்தால் சம்பளச் சான்றைத் தாக்கல் செய்யும்படி அவர் வேலை செய்யும் நிறுவனத்துக்கு உத்தரவிடக் கேட்கலாம். உடல் வலுவோடு இருப்பவர் வேலை இல்லை என்று சொல்லித் தப்ப முடியாது. நீங்கள் சம்பாதித்தாலும் கேட்கலாம், ஆனால் உங்கள் சம்பளத்தை மறைக்காதீர்கள். 2005 சட்டத்தில் ஒன்றும், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவில் (பழைய 125) ஒன்றும் என இரண்டு மனு போடலாம். ஒன்றில் கிடைக்கும் தொகை மற்றதில் கழிக்கப்படும்.

11. ஆர்டர் வாங்கிட்டேன். ஆறு மாசமா ஒரு பைசா வரல.

144ஆம் பிரிவு உத்தரவு என்றால் நிறைவேற்று மனு போடுங்கள். ஒவ்வொரு மாத நிலுவைக்கும் ஒரு மாதம் வரை சிறை உண்டு. தொகை நிலுவையான நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட வேண்டும். "கொஞ்சம் பொறுத்துப் பார்ப்போம்" என்று ஒன்றரை ஆண்டு விட்டவர்களுக்கு முதல் மாதங்களை இந்த வழியில் வசூலிப்பது சிக்கலாகிவிடும். 2005 சட்ட உத்தரவு என்றால் 20(6) பிரிவில், அவர் சம்பளத்திலிருந்து நேரடியாகச் செலுத்தும்படி முதலாளிக்கு உத்தரவு கேட்கலாம்.

அடிக்கக் கூடாது, நெருங்கக் கூடாது என்ற பாதுகாப்பு உத்தரவை மீறினால் அது தனிக் குற்றம்: 31ஆம் பிரிவில் ஓராண்டு வரை சிறை, 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உத்தரவின் நகலை நீதிமன்றம் இலவசமாகத் தர வேண்டும். ஒன்றை ஸ்டேஷனில் கொடுத்து ரசீது வாங்கி வையுங்கள்.

12. ஊர்ப் பெரியவங்க முன்னாடி ஸ்டாம்ப் பேப்பர்ல எழுதித் தீர்த்து விட்டாங்க. நான் இப்ப அவர் பொண்டாட்டியா இல்லையா?

இந்துத் திருமணம் என்றால், நீதிமன்றத் தீர்ப்பு இல்லாதவரை பெரும்பாலும் நீங்கள் மனைவிதான். சில சமூகங்களில் வழக்கப்படியான மணவிலக்கை இந்து திருமணச் சட்டத்தின் 29(2) பிரிவு ஏற்கிறது. ஆனால் அப்படி நீண்டகால வழக்கம் இருப்பதை நீதிமன்றத்தில் நிரூபிப்பது, அதைச் சொல்பவரின் பொறுப்பு. இருபது ரூபாய்ப் பத்திரத்தில் இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டால் அது வழக்கமாகிவிடாது.

அந்தத் தாளை நம்பி மறுமணம் செய்யாதீர்கள். அந்தக் கல்யாணம் செல்லாததாகி, பிள்ளைகளின் காலத்தில் சொத்துப் பேச்சு வரும்போது சிக்கலாகும்.

13. நாங்க முஸ்லிம். ஜமாத்துல பேசி முடிச்சுட்டாங்க, இனி கோர்ட்டுக்குப் போக முடியாதுன்னு சொல்றாங்களே?

போகலாம். 2005 சட்டம் எல்லா மதத்துப் பெண்களுக்கும் பொது. ஒரே மூச்சில் சொல்லும் முத்தலாக்கை 2017 ஆகஸ்ட் 22 அன்று உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. 2019 சட்டம் அதை 3 ஆண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றமாக்கியது. விவாகரத்தான முஸ்லிம் பெண்ணும் 125ஆம் பிரிவில் (இன்றைய 144) ஜீவனாம்சம் கேட்கலாம் என்று 2024 ஜூலை 10 அன்று உச்ச நீதிமன்றம் மறுபடி உறுதிசெய்தது.

சென்னையில் இதற்காக நடந்த உழைப்பையும் சொல்ல வேண்டும். காஜிகள் தலாக் சான்றிதழ் தருவதை எதிர்த்து வழக்கறிஞர் பதர் சயீத் தொடுத்த வழக்கில், அந்தச் சான்று காஜியின் கருத்து மட்டுமே, சட்டப்படி அதற்கு மதிப்பில்லை என்று 2017 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் இடைக்கால உத்தரவு தந்தது. குலா (மனைவி கேட்டுப் பெறும் மணவிலக்கு) வேண்டும் பெண் குடும்ப நல நீதிமன்றத்தை அணுக வேண்டும், ஷரியத் கவுன்சில் போன்ற தனியார் அமைப்பு தரும் சான்று செல்லாது என்று 2023-இல் அதே நீதிமன்றம் கூறியது. ஜமாத்தில் பேசிச் சமாதானமாவதில் தவறில்லை. அவர்கள் தரும் தாளைத் தீர்ப்பாக நினைத்துவிடக் கூடாது.

14. முறையா கல்யாணம் பண்ணல, ஆனா எட்டு வருஷம் சேர்ந்து வாழ்ந்தோம். எனக்கு எதுவும் கிடைக்காதா?

கிடைக்கலாம். கோயம்புத்தூர் குடும்ப நல நீதிமன்றத்தில் தொடங்கிய வேலுசாமி எதிர் பச்சையம்மாள் வழக்கில், 2010-இல் உச்ச நீதிமன்றம் அளவுகோல்களைச் சொன்னது: இருவரும் மண வயதினர், மணம் செய்யத் தடையில்லாதவர்கள், ஊருக்குக் கணவன் மனைவியாகவே தெரிந்தவர்கள், கணிசமான காலம் ஒரே வீட்டில் விரும்பி வாழ்ந்தவர்கள். வாடகை ஒப்பந்தம், சமையல் கேஸ் இணைப்பு, பள்ளிப் பதிவேட்டில் தகப்பன் பெயர் போன்றவை உதவும்.

அவருக்கு முன்பே கல்யாணமானது தெரிந்தே வாழ்ந்திருந்தால் உங்கள் வழக்கு கடினம். அவர் அதை மறைத்திருந்தால் அதை மனுவில் முதலிலேயே எழுத வேண்டும். எப்படியிருந்தாலும் குழந்தையின் ஜீவனாம்சத்துக்குத் தடையில்லை.

15. பிரிஞ்சு அஞ்சு வருஷம் ஆச்சு. இப்பப் போட்டா "காலம் கடந்துடுச்சு"ன்னு தள்ளிடுவாங்களா?

தமிழ்நாட்டிலிருந்து போன காமாட்சி எதிர் லட்சுமி நாராயணன் வழக்கில், 2005 சட்டத்தின் 12ஆம் பிரிவு மனுவுக்கு ஓராண்டுக் கெடு பொருந்தாது என்று 2022 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 85ஆம் பிரிவுக் குற்ற வழக்குக்கு மூன்றாண்டுக் கெடு இருக்கிறது. ஆகவே 5ஆம் கேள்வியில் சொன்ன இரு வழிகளில் ஒன்று மூடிப்போனாலும் மற்றது திறந்தே இருக்கும். தாமதத்துக்கான காரணத்தை மட்டும் மறக்காமல் எழுதுங்கள்.

16. வக்கீல் போனே எடுக்கறதில்ல. வாய்தா தேதிகூடத் தெரியல. வேற வக்கீல் மாத்தலாமா?

மாற்றலாம். அதற்கு முன் வழக்கின் சி.என்.ஆர். எண்ணை, அதாவது அந்த வழக்குக்கு மட்டுமே உரிய அடையாள எண்ணை, வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் இணையதளத்திலோ செயலியிலோ அதைப் போட்டால் அடுத்த தேதியும் இதுவரை நடந்ததும் தெரியும். பல சண்டைகள் அதைப் பார்த்ததுமே தீர்ந்துவிடும்.

மாற்றுவதென்றால் பழைய வக்கீலிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்கி, புதியவர் வக்காலத்து போட வேண்டும். ஃபீஸ் பாக்கி என்று சொல்லி வழக்குக் கட்டைத் தராமல் வைத்துக்கொள்ள வக்கீலுக்கு உரிமையில்லை என்று 2000-இல் ஆர்.டி. சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பாக்கிக்கு அவர் தனியாக வழக்குப் போடலாம், உங்கள் பத்திரங்களைத் தர வேண்டும். தராவிட்டால் தமிழ்நாடு பார் கவுன்சிலில் புகார் செய்யலாம். இலவச வக்கீல் என்றால் 1ஆம் கேள்வியில் சொன்ன வழி.

17. கோர்ட்லயே சமாதானம் பேசச் சொல்றாங்க. மொத்தமா ஒரு தொகை தர்றாங்களாம். கையெழுத்துப் போடலாமா?

தொகை சரியா என்பதைவிட, எழுத்து சரியா என்று முதலில் பாருங்கள். லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) கையெழுத்தானால் அதற்கு மேல்முறையீடு கிடையாது. எந்தத் தேதியில், எத்தனை தவணையில், வரைவோலையா வங்கிக் கணக்கா, ஒரு தவணை தவறினால் என்ன ஆகும் என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். நகை, சான்றிதழ்கள், குழந்தையின் படிப்புச் செலவு, பார்க்க வரும் நாட்கள் தனித்தனி வரியாக வர வேண்டும். குழந்தையின் ஜீவனாம்சத்தை உங்கள் தொகைக்குள் கரைத்துவிடாதீர்கள்.

பணத்தையும் வழக்கு வாபஸையும் படிப்படியாகக் கோக்க வேண்டும். பரஸ்பர மணவிலக்கு என்றால் முதல் மனுவின்போது ஒரு பகுதி, இரண்டாவது முறை நீதிபதி முன் நிற்கும்போது ஒரு பகுதி, உயர் நீதிமன்றத்தில் குற்ற வழக்கை ரத்துசெய்ய நீங்கள் பிரமாணப் பத்திரம் தரும் நாளில் மீதி. முழுத் தொகையும் கணக்கில் ஏறாமல் கடைசிப் பிரமாணப் பத்திரத்தைக் கொடுக்காதீர்கள். கையெழுத்திடும் முன் வரைவை வீட்டுக்கு எடுத்துப் போய்ப் படிக்க ஒரு வாய்தா கேளுங்கள். ஆங்கிலத்தில் இருந்தால், ஒவ்வொரு வரியையும் தமிழில் விளக்கும்படி வக்கீலிடம் சொல்லுங்கள்.